வானொலியில் வந்த மன்னிப்பு

படம் முடிந்து விளக்குகளைப் போட்டதும், எனக்குப் பின்வரிசையில் அமர்ந்திருந்த பெரியவர் ஒருவர், "இவ்வளவு தூரம் கூட்டிட்டு வந்து கொல்லாமலே விட்டுட்டானே" என்று பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னார். குரலில் கோபம் இல்லை. விருந்துக்கு அழைத்துவிட்டு மோரை மட்டும் கொடுத்து அனுப்பியது போன்ற ஏமாற்றம்தான் இருந்தது. ஒரு திரைப்படச் சங்கத்தின் மாதாந்தரத் திரையிடல் அது. மாடியில் ஒரு நீண்ட அறை, பிளாஸ்டிக் நாற்காலிகள், இருபது பேர், படத்தின் ஒலியோடு போட்டி போட்ட மின்விசிறிகள். அவர் சொன்னதைக் கேட்டுச் சிலர் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதே எண்ணம் ஒரு கணம் எனக்குள்ளும் ஓடியிருந்தது. கைத்துப்பாக்கியை மறைத்து வைத்துக்கொண்டு அலையும் ஒரு பையனோடு ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருக்கும் எவருக்கும், அந்தத் துப்பாக்கி தன் வேலையைச் செய்துவிட வேண்டும் என்ற ஆசை தன்னையறியாமல் வந்துவிடுகிறது. அந்த ஆசையைப் பார்வையாளருக்குள் வரவழைத்து, அது தனக்குள் இருப்பதை அவரே கண்டுகொள்ளும்படி செய்வதற்காகத்தான் படம் அப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்பது எனக்குப் பிடிபடுவதற்குப் பல ஆண்டுகள் ஆயின.

படத்தின் பெயர் 'தராத்'. மத்திய ஆப்பிரிக்காவில் உள்ள சாட் நாட்டின் அரபியில் வறண்ட பருவம் என்று பொருள். எடுத்தவர் மஹமத்-சாலே ஹாரூன். 2006-ஆம் ஆண்டு வெனிஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசைப் பெற்ற படம் அது. மொசார்ட் பிறந்து 250 ஆண்டுகள் நிறைந்ததை ஒட்டி வியன்னாவில் நடந்த ஒரு விழாவுக்காக அது உருவாக்கப்பட்டது என்பது முதலில் கேட்கும்போது விசித்திரமாகத்தான் இருக்கும். மொசார்ட் தன் வாழ்வின் கடைசி ஆண்டில் எழுதிய இசைநாடகங்களில் ஒன்று, தன்னைக் கொல்லச் சதி செய்தவர்களை மன்னித்துவிடும் ரோமப் பேரரசன் ஒருவனைப் பற்றியது. அந்தக் கருவை ஹாரூன் தன் நாட்டுக்கு எடுத்துச் சென்று, அரியணையில் இருந்த பேரரசனை நீக்கிவிட்டு அந்த இடத்தில் பதினாறு வயதுப் பையன் ஒருவனை நிறுத்தினார். பேரரசன் மன்னிப்பதற்கு ஒரு கையெழுத்துப் போதும். பையனிடம் கையெழுத்துக்கு மதிப்பில்லை. அவனிடம் இருப்பது தாத்தா கொடுத்த துப்பாக்கி மட்டும்தான்.

ஹாரூன் 1961-இல் சாட்டின் கிழக்குப் பகுதியில் உள்ள அபேஷே நகரில் பிறந்தவர். நாட்டுக்கு அப்போது ஒரு வயது. 1960 ஆகஸ்ட் 11 அன்றுதான் அது பிரான்சிடமிருந்து விடுதலை பெற்றிருந்தது. அவருக்கு நான்கு வயதாகும்போது உள்நாட்டுப் போர் தொடங்கிவிட்டது. 1979 பிப்ரவரியில் சண்டை தலைநகர் என்ஜமேனாவின் தெருக்களுக்கே வந்தது. அந்தக் கொந்தளிப்பில் காயம்பட்ட ஹாரூன் எல்லை தாண்டிக் கேமரூனுக்குத் தப்பினார். பிறகு பிரான்ஸ் போய்ச் சேர்ந்தார். பாரிஸில் திரைப்படம் படித்தார், பின்னர் இதழியல் படித்து அங்கே வட்டாரச் செய்தித்தாள்களில் நிருபராகச் சில ஆண்டுகள் வேலை பார்த்தார். அவர் படங்களில் செய்திக்கு அப்பால் ஒரு சொல்கூட அதிகமாகப் பேசப்படாததற்கு அந்தப் பழக்கம் ஒரு காரணமாக இருக்கலாம் என்பது என் எண்ணம்.

சினிமாவுக்குள் தான் எப்படி வந்தேன் என்று அவர் சொல்லும் கதை நமக்குப் பிடிக்கக்கூடியது. சிறுவனாக இருந்தபோது அவர் முதன்முதலில் பார்த்தது ஓர் இந்தியப் படம். திரை முழுவதும் ஒரு பெண்ணின் முகம் வந்து, நேராகப் பார்த்துச் சிரித்ததாம். அந்தச் சிரிப்பு தனக்காகவே சிரிக்கப்பட்டது என்று அந்தப் பையன் நம்பிவிட்டான். எந்தப் படம், யார் அந்த நடிகை என்பதை விடுங்கள். பம்பாயில் எங்கோ ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி எடுக்கப்பட்ட ஒரு அண்மைக் காட்சி, சஹாராவின் விளிம்பில் இருந்த ஒரு சிறுவனைத் தனியே பெயர் சொல்லி அழைத்திருக்கிறது. முன்பின் தெரியாத ஒருவர் உன்னை நேராகப் பார்க்கிறார், உன்னை ஒரு பொருட்டாக மதிக்கிறார் என்ற அந்த உணர்வை, பிற்காலத்தில் யாரும் பொருட்படுத்தாத மனிதர்களின் முகங்களுக்கு அவர் திருப்பிக் கொடுத்தார்.

அந்த மனிதர்கள் எத்தனை பேர் என்பதைச் சொல்லிவிட வேண்டும். 1982-இல் ஆட்சியைப் பிடித்த ஹிசென் ஹப்ரே, 1990 டிசம்பரில் இத்ரிஸ் தெபியின் படைகள் தலைநகருக்குள் நுழையும்வரை எட்டு ஆண்டுகள் நாட்டை ஆண்டார். லிபியாவின் கடாஃபிக்கு எதிரான ஆள் என்பதால் அமெரிக்காவும் பிரான்சும் அவருக்குத் துணை நின்றன. அவருடைய அரசியல் காவல்துறையின் பெயரைத் தமிழில் சொன்னால் 'ஆவண, பாதுகாப்பு இயக்ககம்' என்று ஏதோ நூலகத் துறை போல ஒலிக்கும். பிரெஞ்சுக்காரர்கள் காலத்தில் கட்டிய ஒரு நீச்சல் குளத்தின் மேல் கான்கிரீட் போட்டு மூடி, உள்ளே தடுப்புச் சுவர்கள் எழுப்பி, அதையே நிலத்தடிச் சிறையாக்கியது அந்த இயக்ககம். ஹப்ரே வீழ்ந்த பிறகு அமைக்கப்பட்ட விசாரணை ஆணையம் 1992-இல் கொடுத்த அறிக்கை, கொல்லப்பட்டவர்கள் 40,000 பேருக்கு மேல் இருக்கலாம் என்று மதிப்பிட்டது. விதவைகள் 30,000-க்கு மேல். தகப்பனை இழந்த பிள்ளைகள் 80,000-க்கு மேல்.

'தராத்' படத்தின் பையன் அந்தக் கடைசி எண்ணிக்கையிலிருந்து எழுந்து வருகிறவன். அவன் பெயரே அதிம். அவன் பிறப்பதற்கு முன்பே தகப்பன் கொல்லப்பட்டுவிட்டதால் வைத்த பெயர் அது. அநாதை என்று பொருள். அரபியின் 'யதீம்' அங்கே அப்படி மருவியிருக்கிறது, இங்கே நம் ஊர்களில் எத்தீம்கானா என்ற பெயர்ப்பலகையில் வேறு விதமாக மருவியிருக்கிறது. பெயர் சொல்லி அழைக்கும் ஒவ்வொரு முறையும் இழப்பை நினைவூட்டும் ஒரு பிள்ளை.

படம் தொடங்கும்போது கண் தெரியாத தாத்தாவும் பேரனும் வானொலி கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். உண்மையையும் நீதியையும் கண்டறிய அமைக்கப்பட்ட ஆணையம் தன் முடிவை அறிவிக்கப்போகிறது என்று நாடே காத்திருக்கிறது. (படத்தில் வரும் இந்த ஆணையம் கற்பனை, மேலே சொன்ன 1992-ஆம் ஆண்டு ஆணையத்தோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.) வானொலி சொல்கிறது: போர்க்குற்றவாளிகள் அனைவருக்கும் பொதுமன்னிப்பு. அவ்வளவுதான் செய்தி. பெயர்கள் இல்லை, ஒப்புதல் இல்லை, யாரிடமும் யாரும் மன்னிப்புக் கேட்கவும் இல்லை. அரசு தனக்குச் சொந்தமில்லாத ஒன்றை எடுத்துத் தானம் செய்துவிட்டது. தாத்தா அழவில்லை, கூச்சலிடவில்லை. பேரனிடம் அவன் தகப்பனின் துப்பாக்கியைக் கொடுத்து, தகப்பனைக் கொன்றவனைத் தேடித் தலைநகருக்கு அனுப்புகிறார்.

கொன்றவனின் பெயர் நஸ்ஸாரா. அதிம் அவனைக் கண்டுபிடிக்கும்போது அவன் ஒரு ரொட்டிக்கடை வைத்திருக்கிறான், தொழுகைக்குப் போகிறான், காலையில் கடைவாசலில் கூடும் ஏழைப் பிள்ளைகளுக்கு நீளமான பிரெஞ்சு ரொட்டிகளை இலவசமாகக் கொடுக்கிறான். வயதில் மிகச் சிறியவளான அவன் மனைவி ஆயிஷா கருவுற்றிருக்கிறாள். போரில் யாரோ அவன் தொண்டையை அறுத்திருக்கிறார்கள். அதனால் கழுத்தில் ஒரு சிறு கருவியை வைத்து அழுத்தினால்தான் பேச்சு வரும். அந்தக் குரலைக் கேட்டிருக்க வேண்டும். தகரத்துக்குள் சிக்கிய வண்டு போன்ற, ஏற்ற இறக்கமே இல்லாத ரீங்காரம். கோபமும் கனிவும் ஒரே சுருதியில் வருகின்றன. நடிகர் யூசுஃப் ஜாரோவுக்குக் குரல் என்ற ஆயுதமே கையில் இல்லை. உடம்பைக் கொண்டும் கண்களைக் கொண்டும் மட்டுமே அவர் இந்த மனிதனை நிற்கவைக்கிறார். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் முன்னால் கையைத் தொண்டைக்குக் கொண்டுபோக வேண்டியிருப்பதால், அவன் பேசலாமா வேண்டாமா என்று தீர்மானிப்பதையே நாம் பார்க்க முடிகிறது.

அதிம் அங்கே வேலைக்குச் சேர்கிறான். நெருங்கி நின்றால்தான் சுட முடியும் என்பது அவன் கணக்கு. ஆனால் நெருங்கி நிற்பதற்கு விலை இருக்கிறது.

நான் வளர்ந்த தெருவில் ஒரு பேக்கரி இருந்தது. இரவு பத்து மணிக்கு மேல், தெரு அடங்கிய பிறகு, மரமேசையில் மாவை ஓங்கி அறையும் சத்தம் எங்கள் வீட்டுக்குள் கேட்கும். மாஸ்டர் என்று அழைக்கப்பட்ட மனிதர் பேசவே மாட்டார். உதவிக்கு நிற்கும் பையன்கள் அவர் முகத்தைப் பார்ப்பதில்லை, கையைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார்கள். எவ்வளவு தண்ணீர், எப்போது நிறுத்துவது, எந்தப் பதத்தில் மாவு கையில் ஒட்டாமல் விலகும் என்பதெல்லாம் அந்தக் கைகளில்தான் எழுதியிருந்தது. 'தராத்' படத்தின் நடுப்பகுதி முழுவதும் எனக்கு அந்த இரவுகளாகவே இருந்தது. தன் தகப்பனைக் கொன்ற கைகளை அந்தப் பையன் நாள் முழுவதும் உற்றுப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது, ஏனென்றால் தொழில் கற்றுக்கொள்ள வேறு வழியில்லை. சேர்ந்து பிசைகிறார்கள், சேர்ந்து அடுப்பைக் கவனிக்கிறார்கள். ஒரு நாள் நஸ்ஸாராவின் முதுகு பிடித்துக்கொள்கிறது. பையன்தான் தாங்க வேண்டியிருக்கிறது. புளிக்க வைத்த மாவை மன்னிப்புக்கு உவமையாக்கிவிட இந்த இடத்தில் எழுதுகிறவனுக்குக் கை துறுதுறுக்கும். ஹாரூன் அதைச் செய்யவில்லை, நானும் செய்யப்போவதில்லை. அவர் காட்டுவது வேலையை மட்டும்தான். பகைவனோடு தினமும் வேலை செய்தால், அவன் எப்படி இருமுவான், எதற்குச் சலித்துக்கொள்வான், பக்கத்துத் தெருவில் போட்டிக்கடைக்காரன் விலை குறைத்து விற்கும்போது எப்படி உடைந்துபோவான் என்பதெல்லாம் வேண்டாமென்றாலும் தெரிந்துவிடுகிறது. அந்த அளவுக்குத் தெரிந்தவனைக் கொல்வது முன்பு நினைத்ததுபோல் இலகுவாக இருப்பதில்லை. பிடிக்கத் தொடங்கிவிட்டது என்று இதற்குப் பொருளில்லை, பையனின் முகத்தில் வெறுப்பு கடைசிவரை குறையவுமில்லை.

ஆயிஷாவின் கரு கலைந்துபோகிறது. நஸ்ஸாரா அந்தத் துயரத்தில் பையனைத் தன் மகனாகத் தத்தெடுக்க விரும்புகிறான். அதற்கு அவன் குடும்பத்தாரின் சம்மதத்தைக் கேட்க ஊருக்குப் போகலாம் என்கிறான். தான் யாரிடம் போய் யாரைக் கேட்கப்போகிறோம் என்பது அவனுக்குத் தெரியாது. பாலைவெளியில் தாத்தா காத்திருக்கிறார். கொன்றவனைப் பேரன் கொண்டுவந்து சேர்த்துவிட்டான் என்று அவர் அறிகிறார். சுடு என்கிறார். அதிம் நஸ்ஸாராவின் உடைகளைக் களையச் சொல்கிறான், அவனை மண்ணில் வீழ்த்துகிறான், துப்பாக்கியை உயர்த்தி வானத்தை நோக்கிச் சுடுகிறான். வெடிச்சத்தம் கேட்ட தாத்தா, கை நடுங்கியதா என்று கேட்கிறார். இல்லை என்கிறான் பேரன். இருவரும் நடக்கத் தொடங்குகிறார்கள்.

முதல்முறை பார்த்தபோது இதை மன்னிப்பு என்று எடுத்துக்கொண்டேன். பிறகு பார்த்தபோதுதான் வேறொன்று கண்ணில் பட்டது. கண் தெரியாத ஒரு மனிதருக்காக அந்தப் பையன் அங்கே ஒரு நாடகம் நடத்துகிறான். அதில் காட்சி இல்லை, ஒலி மட்டும்தான். அந்த ஒலியை வைத்துக்கொண்டு மீதியைத் தாத்தா தன் மனத்துக்குள் தானே பார்த்துக்கொள்கிறார். கடன் தீர்ந்துவிட்டது என்ற கதை அவருக்குக் கிடைக்கிறது; ஒரு மனிதனுக்கு உயிர் கிடைக்கிறது; பையனுக்கு இனி யாருடைய துப்பாக்கியையும் சுமக்க வேண்டிய தேவை இல்லாமல் போகிறது. வெளிச்சமும் ஒலியும் வைத்து இல்லாத ஒன்றை நடந்ததாக நம்பவைப்பதைத் தொழிலாகக் கொண்ட ஒருவர், தன் தொழிலின் பயன் என்ன என்பதற்கு எழுதிக்கொடுத்த விளக்கமாகவே அந்தக் காட்சி எனக்குப் படுகிறது. கை நடுங்கியதா என்ற கேள்விக்குப் பையன் சொன்ன பதில் உண்மை என்பதையும் கவனிக்க வேண்டும். பொய் முழுவதும் அந்த வெடிச்சத்தத்தில் இருக்கிறது. சொல்லில் பொய் இல்லை.

கதைகள் காயத்தை ஆற்றும் என்று பொதுவாகச் சொல்லிவிட்டுப் போகிறவர்களில் ஒருவராக ஹாரூனைச் சேர்த்துவிட முடியாது. கதை கொல்லவும் செய்யும் என்பதைத் தன் முதல் முழுநீளப் படத்திலேயே அவர் பதிவு செய்துவிட்டார். 1999-இல் வெளிவந்த 'பை பை ஆப்பிரிக்கா', சாட் நாட்டின் முதல் முழுநீளத் திரைப்படம் என்று பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. பிரான்சில் வாழும் ஒரு திரைப்பட இயக்குநர் தாய் இறந்த செய்தி கேட்டு ஊர் திரும்புகிறார். அந்த இயக்குநராக ஹாரூனே நடித்திருக்கிறார். ஊரில் அவர் முன்பு எடுத்த ஒரு படத்தில் எய்ட்ஸ் நோயாளியாக நடித்த இசபெல் என்ற பெண்ணைச் சந்திக்கிறார். நடித்தது நடிப்பு என்று ஊர் எடுத்துக்கொள்ளவில்லை. அவளுக்கு உண்மையிலேயே நோய் இருப்பதாக நம்பி அவளை ஒதுக்கி வைத்துவிட்டது. கடைசியில் அவள் தன் உயிரை மாய்த்துக்கொள்கிறாள். தாத்தா நம்பிய கதை ஓர் உயிரைக் காத்தது என்றால், இந்த ஊர் நம்பிய கதை ஓர் உயிரை எடுத்தது. இரண்டையும் எடுத்தவர் ஒருவரே என்பதால்தான் அவருடைய அமைதியை நான் நம்புகிறேன்.

அந்தப் படத்தில் வேறொரு துயரமும் இருக்கிறது. இயக்குநர் ஊரைச் சுற்றி வரும்போது திரையரங்குகள் ஒவ்வொன்றும் இடிந்தும் பாழடைந்தும் கிடக்கின்றன. ஒரு காலத்தில் படம் ஓட்டிய நண்பர், ஓட்டுவதற்குப் படம் இல்லாமல் இருக்கிறார். மகன் செய்யும் தொழில் யாருக்காக என்பது தகப்பனுக்குப் புரியவில்லை. இந்தக் கேள்வியை ஹாரூன் பிற்காலத்திலும் தட்டிக் கழிக்க முடிந்ததில்லை. வெனிஸிலும் பிரான்சின் கான் திரைப்பட விழாவிலும் கைதட்டல் வாங்கும் ஒரு படம், யாருடைய காயத்தைப் பற்றியதோ அவர்கள் கூடி அமர்ந்து பார்க்க ஓர் அரங்கு இல்லையென்றால், அதை எதற்குச் சமூகத்தின் மருந்து என்று சொல்ல வேண்டும்? துக்க வீட்டுக்கு ஊரே வந்து உட்காருவது போன்ற ஒரு காரியம் அது. தனியே ஒரு கணினித் திரையில் பார்த்துவிட்டு மூடிவைக்கும்போது அது நடப்பதில்லை.

2010-இல் 'அலறும் ஒரு மனிதன்' என்று பொருள்படும் பிரெஞ்சுத் தலைப்புடைய அவருடைய படம் கான் விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போய் நடுவர் பரிசை வென்றது. என்ஜமேனாவின் 'நோர்மண்டி' திரையரங்கை அரசு பழுதுபார்த்து 2011 ஜனவரியில் திறந்தது. போரில் இழந்த ஒன்றை ஒரு நகரம் திரும்பப் பெற்றது என்று சொல்வதற்கு அப்படிப்பட்ட நாட்கள் அதிகம் வாய்ப்பதில்லை. அந்தப் படத்தின் கதையும் போரைப் பற்றியதுதான், ஆனால் அதில் குற்றவாளி வெளியே இல்லை. ஒரு விடுதியின் நீச்சல் குளத்தைப் பார்த்துக்கொள்ளும் முன்னாள் நீச்சல் வீரர் ஆதம், போருக்குப் பணம் கொடு அல்லது ஆள் கொடு என்று கேட்கப்படும்போது, தன் வேலையைப் பறித்துக்கொண்ட சொந்த மகனையே கொடுத்துவிடுகிறார். ஹப்ரேவின் நீச்சல் குளச் சிறையைப் பற்றிப் படித்த பிறகு அந்தப் படத்தின் நீலத் தண்ணீரை என்னால் பழையபடி பார்க்க முடியவில்லை. இயக்குநர் அதை நினைத்து எடுத்தாரா என்பது வேறு. பார்க்கிறவனுக்கு அப்படி ஓர் இணைப்பு விழுந்துவிட்டால் அதை அவிழ்க்க முடிவதில்லை. இந்தப் படங்களை எடுத்தபோது போர் முடிந்துபோன ஒன்றாகவும் இல்லை. 2006 ஏப்ரலில், 'தராத்' படமாகிக்கொண்டிருந்த நாட்களில், கிளர்ச்சிப் படைகள் என்ஜமேனாவுக்குள்ளேயே வந்து சண்டையிட்டன.

பத்து ஆண்டுகள் கழித்து ஹாரூன் கற்பனையை விட்டுவிட்டு உண்மை மனிதர்களிடம் போனார். 'ஹிசென் ஹப்ரே: ஒரு சாட் நாட்டுத் துயரம்' என்ற ஆவணப்படம் 2016 மே மாதம் கான் விழாவில் திரையிடப்பட்டது. அதில் நம்மை அழைத்துச் செல்கிறவர் கிளெமான் அபைஃபுதா, ஹப்ரே ஆட்சியில் பாதிக்கப்பட்டோர் சங்கத்தின் தலைவர். ஜெர்மனியில் படிக்க உதவித்தொகை கிடைத்திருந்த இளைஞராக இருந்தபோது, 1985-இல் அவரைக் கைது செய்தார்கள். நான்கு ஆண்டுச் சிறைவாசத்தில் அவருக்குக் கொடுக்கப்பட்ட வேலை, உடன் இருந்து இறந்த கைதிகளைச் சுமந்துபோய்ப் புதைப்பது. நகருக்கு வெளியே உள்ள அந்த இடத்தை மரணவெளி என்று அழைக்கிறார்கள். யாரை எங்கே புதைத்தோம் என்று தெரிந்தவர் அவர். ஆதலால் காணாமல்போனவர்களின் வீட்டார் பலருக்குக் கடைசிச் செய்தி அவரிடம்தான் இருந்தது.

கிளெமான் ஒவ்வொரு வீடாகப் போகிறார். முற்றத்தில் பாய் விரித்தோ நாற்காலி போட்டோ உட்காருகிறார். கேள்வி கேட்கும் வேலையை ஹாரூன் பெரும்பாலும் அவரிடமே விட்டுவிட்டு ஒதுங்கி நிற்கிறார், இது சாதாரணத் தீர்மானம் அல்ல. பத்திரிகையாளர் கேட்டால் வாக்குமூலம் வரும். உடன் கிடந்தவர் கேட்டால் பேச்சு வரும். சித்திரவதையில் கால் முடமானவர், பார்வை போனவர், மறுமணம் செய்யாமலே முதுமை எய்திய பெண்கள் எல்லாரும் நீதிபதிக்கு முன்னால் பேசுவதுபோல் வரிசைக்கிரமமாகப் பேசுவதில்லை. நடுவில் நிறுத்துகிறார்கள், சிலர் சிரிக்கவும் செய்கிறார்கள், கேமரா அவர்களை அவசரப்படுத்துவதில்லை. ஒரு காட்சியில், பாதிக்கப்பட்ட ஒருவரையும் அந்த இயக்ககத்தில் அன்று பணிபுரிந்த ஒருவரையும் கிளெமான் எதிரெதிரே உட்காரவைக்கிறார். மேலிடத்துக் கட்டளை, நான் என்ன செய்ய முடியும் என்ற வாதம் வருகிறது. பத்தாண்டுகளுக்கு முன் ரொட்டிக்கடையில் கற்பனையாக நடந்தது இங்கே எந்த மாவும் அடுப்பும் இல்லாமல் வெறும் முற்றத்தில் நடக்கிறது. அதிமுக்குக் கிடைத்த நீண்ட நாட்கள் இவர்களுக்கு இல்லை. இருந்தாலும் கேட்கவேண்டியவன் காது அந்த முற்றத்துக்கு வந்திருக்கிறது. வானொலி அறிவிப்பில் இல்லாதது அது.

படம் கானில் காட்டப்பட்ட சில நாட்களில், 2016 மே 30 அன்று, செனகலின் டக்கார் நகரில் ஹப்ரேவுக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. ஆட்சி இழந்ததும் அவர் ஓடி ஒளிந்த நாடு அது. பாதிக்கப்பட்டவர்கள் அங்கேயே 2000-ஆம் ஆண்டு வழக்குத் தொடுத்து, ஆப்பிரிக்க ஒன்றியத்தின் ஒத்துழைப்போடு சிறப்பு நீதிமன்றம் அமையும்வரை விடாமல் துரத்தியிருந்தார்கள். கைவிடப்பட்ட இயக்ககக் கட்டடத்தில் 2001-இல் கிடைத்த கோப்புகள், காவலில் இறந்த 1,208 பேரின் பெயர்களைக் காட்டிக்கொடுத்தன. ஆவண இயக்ககம் என்ற பெயருக்கு அது கடைசியில் உண்மையாகத்தான் இருந்திருக்கிறது. விசாரணையின் பெரும்பகுதியில் ஹப்ரே வெள்ளைத் தலைப்பாகையும் கறுப்புக் கண்ணாடியுமாக முகத்தை மூடிக்கொண்டு வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்தார். அந்த நீதிமன்றத்தைத் தான் ஏற்கவில்லை என்பதே அவர் நிலை. தீர்ப்பு வாசிக்கப்பட்டதும் மண்டபத்தில் இருந்த பெண்கள் குலவையிட்டார்கள். 2021 ஆகஸ்டில், தண்டனைக் காலத்திலேயே, கொரோனா தொற்றால் அவர் இறந்தார். கிளெமானின் முற்றங்களில் பேசியவர்கள் எவருக்கும் அவர் வாயிலிருந்து ஒரு பதில்கூடக் கிடைக்கவில்லை.

இழப்பீடு பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அதை நீட்டிச் சொன்னால் எரிச்சல்தான் மிஞ்சும். 2017-இல் டக்கார் மேல்முறையீட்டு அமர்வு 7,396 பேருக்கு சாட்டின் நாணயத்தில் 8,200 கோடி சிஎஃப்ஏ பிராங்குக்கும் மேலான தொகையை வழங்க உத்தரவிட்டது. சாட் அரசு ஒரு பகுதியைக் கொடுக்கத் தொடங்கியதே 2024-இல்தான். அதற்குள் பலர் இறந்துவிட்டார்கள்.

இடையில் 2017 பிப்ரவரியில் ஹாரூன் தன் நாட்டின் பண்பாட்டு அமைச்சரானார். ஹப்ரேவின் ஆட்சியில் படைத்தலைவராக இருந்து, பிறகு அவரை வீழ்த்தி ஆட்சிக்கு வந்த தெபியின் அரசில் போய்ச் சேரலாமா என்று கேட்டவர்கள் உண்டு. எனக்கும் அது நெருடியது. ஓர் ஆண்டில் வெளியே வந்துவிட்டார். 2021-இல் 'லிங்கி' என்ற படத்தோடு மீண்டும் கானுக்குப் போனார். ஒருவரையொருவர் விட்டுக்கொடுக்காமல் பிணைத்து வைக்கும் உறவைக் குறிக்கும் சொல்லாம் அது. தாயும் மகளுமாக இரு பெண்கள், ஊரும் மதமும் சட்டமும் மறுக்கும் ஒன்றை எப்படிச் சாதிக்கிறார்கள் என்பது கதை. அதில் போர் இல்லை. ஆனால் கடைசியில் அந்தத் தாயும் அதிமைப் போலவே ஒரு விஷயத்தை நடந்ததாக நம்பவைத்து ஒரு பெண்குழந்தையைக் காப்பாற்றுகிறாள் என்பதை மட்டும் சொல்லி நிறுத்துகிறேன், பார்க்காதவர்களுக்காக.

அந்தத் திரையிடல் முடிந்து கீழே இறங்கியபோது, பின்வரிசைப் பெரியவர் படிக்கட்டின் அடியில் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார். அவருக்கும் எனக்கும் ஒரே பேருந்து நிறுத்தம். சிறிது தூரம் பேசாமல் நடந்தோம். பிறகு அவராகவே, "ஏன் தம்பி, அந்தக் கிழவருக்கு நிஜமாவே தெரியாம இருந்திருக்குமா?" என்று கேட்டார். கண் தெரியாதவரல்லவா என்றேன். "கண்ணுதானே தெரியாது" என்றார் அவர். "சுட்டா விழற சத்தம் கேக்கணும். கூட ஒரு முனகல் கேக்கணும். இது எதுவும் கேக்கலையே அவருக்கு." பேருந்து வரும்வரை அதைத்தான் பேசிக்கொண்டிருந்தோம்.